குரு நானக்: வாழ்வும் வாக்கும் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

சீக்கிய மதத்தைத் தொடங்கிய குரு நானக்கைப் பற்றித் தமிழில் படிக்கக் கிடைப்பவை பெரும்பாலும் அற்புதக் கதைகள். ஆனால் அவர் சொந்த வாக்காக 974 பாடல்கள் கைவசம் இருக்கின்றன. அவர் ஏர் பிடித்த ஊரும் இருக்கிறது. கீழே உள்ள பதில்களில் இந்த இரண்டுக்கும் முதலிடம் கொடுத்திருக்கிறோம். கதை வரும் இடங்களில் கதை என்றே சொல்லியிருக்கிறோம்.

அவர் பிறந்தது ஏப்ரலிலா, நவம்பரிலா?

ஆண்டில் சிக்கல் இல்லை: 1469. ஊர் ராய் போய் தி தல்வண்டி. இன்று நன்கானா சாகிப் என்ற பெயரில் பாகிஸ்தான் பஞ்சாபில், லாகூருக்கு மேற்கே இருக்கிறது. மாதத்தில்தான் குழப்பம். பழைய வாழ்க்கைக் கதைத் தொகுப்புகளான 'புராதன்', 'மிகர்பான்' இரண்டும் வைசாக மாதம் என்கின்றன. அதைக் கணக்கிட்டால் ஏப்ரல் 15 வருகிறது. 'பாலா' என்ற தொகுப்பு மட்டும் கார்த்திகைப் பௌர்ணமி என்கிறது. அந்தத் தொகுப்புதான் ஊர் ஊராகப் பரவியது என்பதால் பிறந்தநாள் விழாவும் பௌர்ணமியிலேயே நின்றுவிட்டது. அதனால்தான் தேதி வருடந்தோறும் நகர்கிறது: 2019-இல் நவம்பர் 12, 2024-இல் நவம்பர் 15, 2025-இல் நவம்பர் 5. 2003-இல் சூரிய அடிப்படையில் நானக்‌ஷாஹி நாள்காட்டியைக் கொண்டுவந்தபோதும் இந்த ஒரு நாளில் கைவைக்கவில்லை. வரலாற்றுத் தேதி வேறு, கொண்டாடும் தேதி வேறு என்று வைத்துக்கொண்டால் சண்டையே இல்லை.

துறவியா, குடும்பஸ்தரா?

குடும்பஸ்தர். அப்பா மேத்தா காலு, பேதி குலத்து கத்ரி, ஊர்ப் பட்வாரி. நம் பக்கத்துக் கணக்குப்பிள்ளை வேலை. அம்மா திரிப்தா. அக்கா நானகி. மனைவி சுலக்னி, படாலா ஊர்க்காரர். மகன்கள் ஸ்ரீசந்த், லக்மி தாஸ். வீட்டை விட்டு நெடுங்காலம் பயணம் போனார் என்பது உண்மை. ஆனால் திரும்பி வந்து குடும்பத்தோடு வயல் வேலை செய்தார். இந்தத் திரும்பி வந்த பகுதியைப் பலர் எழுதாமல் விட்டுவிடுகிறார்கள்.

சுல்தான்பூரில் நடந்தது என்ன?

அக்கா நானகியும் அவர் கணவர் ஜெய்ராமும் சுல்தான்பூர் லோதியில் இருந்தார்கள். ஜெய்ராமின் சிபாரிசில் தௌலத் கான் லோதியின் தானியக் களஞ்சியத்தில் நானக்குக்கு வேலை கிடைத்தது. அளந்து கொடுப்பது, கணக்கு எழுதுவது. ஒருநாள் விடியலில் காளி பேயி ஆற்றில் குளிக்கப் போனவர் மூன்று நாள் காணவில்லை. திரும்பி வந்ததும் 'இந்துவும் இல்லை, முஸ்லிமும் இல்லை' என்றார் என்பது மரபு. அப்போது அவருக்கு ஏறக்குறைய முப்பது வயது. அதன்பின் வேலையை விட்டுவிட்டு, ரபாப் என்ற நரம்பு வாத்தியம் வாசிக்கும் மர்தானாவோடு கிளம்பினார். மர்தானா பிறப்பால் முஸ்லிம், பாணர் குலம். பாடல்கள் ராகம் குறித்தே தொகுக்கப்பட்டிருப்பதைப் பார்த்தால், இந்தத் துணை வழித்துணை மட்டுமல்ல என்பது விளங்கும்.

மெக்கா, பாக்தாத், இலங்கை, ராமேஸ்வரம் எல்லா இடத்துக்கும் போனாரா?

நெடும்பயணம் போனார் என்பதை யாரும் மறுப்பதில்லை. எந்த ஊருக்கு, எந்த வருடம் என்பதில்தான் தொகுப்புக்குத் தொகுப்பு மாறுகிறது. நாலு திசைக்கு நாலு 'உதாசி' (நெடும்பயணம்) என்பது வழக்கமான கணக்கு. பழைய சாட்சிகளில் முக்கியமானவர் பாய் குருதாஸ். ஐந்தாம் குரு காலத்தில் சீக்கியர் வேதநூலான ஆதி கிரந்தத்தை எழுத்தில் வடித்தவர். அவருடைய முதல் 'வார்' (கதைப்பாடல் வகை) பாடலில் மெக்கா, பாக்தாத், சுமேரு மலை வருகின்றன. நானக் நீல உடை உடுத்தி, கையில் தடி, கக்கத்தில் புத்தகம், கெண்டி, தொழுகை விரிப்போடு மெக்கா போன காட்சி அதில்தான் இருக்கிறது. அங்கே ஹாஜிகள் 'இந்து பெரியவனா, முஸ்லிமா' என்று கேட்கிறார்கள். நல்ல செயல் இல்லாவிட்டால் இரண்டு பேருமே அழவேண்டியதுதான் என்பது பதில். அவர் கால் நீட்டிய பக்கம் மெக்காவே சுழன்றது என்ற அற்புதப் பகுதியை விட இந்த உரையாடல்தான் படிக்க வேண்டியது.

தென்திசைப் பயணத்தில் சிவநாபன் என்ற அரசனைத் தீவு நாட்டில் சந்தித்ததாக ஜனம்சாகிகள் (மேலே சொன்ன வாழ்க்கைக் கதைத் தொகுப்புகள்) சொல்கின்றன. ராமேஸ்வரத்தில் குரு நானக் பெயரில் ஒரு குருத்வாரா (சீக்கியர் வழிபாட்டு இடம்) உண்டு. இலங்கைப் பயணத்தோடு சேர்த்து அதைச் சொல்வது மரபு. தேதியும் வழியும் போட்டு வரைபடம் வெளியிடுபவர்களிடம் மட்டும் எச்சரிக்கையாக இருங்கள்.

ஜனம்சாகிகளை நம்பலாமா?

ஜனம்சாகி என்பது பக்தர்கள் வாய்வழியாகச் சொல்லி, பிறகு எழுதிவைத்த வாழ்க்கைக் கதைகள். 'பாலா' தொகுப்பு தானே நேரில் பார்த்து எழுதியது போலப் பேசும். ஆனால் பாய் குருதாஸ் நானக்கின் சீடர்கள் பெயரை வரிசையாகச் சொல்லும் இடத்தில் பாலா என்று ஒருவர் இல்லை. ஆய்வாளர்கள் அதைச் சந்தேகிக்க இது ஒரு முக்கியக் காரணம்.

படிக்கும் முறை ஒன்று உண்டு. கதையின் கருத்து அவர் பாடலில் இருக்கிறதா என்று பாருங்கள். பணக்காரன் மாலிக் பாகோவின் ரொட்டியைப் பிழிந்தால் ரத்தமும், தச்சன் லாலோவின் ரொட்டியைப் பிழிந்தால் பாலும் வந்தது என்பது கதை. 'பிறர் உரிமையைப் பறிப்பது ஒருவனுக்குப் பன்றிக்கறி, இன்னொருவனுக்குப் பசுக்கறி' என்பது அவர் வாக்கு. கிரந்தத்தின் 141-ஆம் பக்கம். கதை பாட்டுக்கு வரைந்த படம் போல இருக்கிறது. அப்படி எந்தப் பாட்டோடும் ஒட்டாத அற்புதங்களை ஓரமாக வைத்துவிடலாம்.

பாபர் அவரைச் சிறையில் அடைத்தாரா?

சிறையில் மாவாட்டும் கல் தானே சுற்றியது என்பது வரைக்கும் கதை போகிறது. பாடல்களில் சிறை பற்றிப் பேச்சில்லை. ஆனால் பாபரின் படையெடுப்பைப் பற்றி நாலு பாடல்கள் இருக்கின்றன. 'பாபர்வாணி' என்று அவற்றைச் சேர்த்துச் சொல்வார்கள் (பக்கம் 360, 417, 418, 722). சைத்பூர், இன்றைய எமனாபாத், சூறையாடப்பட்டதோடு மரபு இவற்றை இணைக்கிறது. அது 1526 பானிபட்டுக்குச் சில ஆண்டுகள் முன்பு.

நேரில் கண்டவர் எழுத்து என்பது வரிக்கு வரி தெரியும். பாவத்தைக் கல்யாண ஊர்வலமாகக் கூட்டிக்கொண்டு காபூலிலிருந்து ஓடிவந்து, பலவந்தமாகப் பெண் கேட்கிறான் என்று பாபரைச் சொல்கிறார். வகிட்டில் சிந்தூரம் வைத்திருந்த பெண்களின் கூந்தல் கத்தரிக்கப்பட்டு, தொண்டை வரை புழுதி ஏறியது என்கிறார். 360-ஆம் பக்கத்துப் பாடலில் கடவுளையே கேட்கிறார்: இத்தனை அடி விழுந்தது, இவ்வளவு கதறினார்கள், உனக்கு வலிக்கவில்லையா? நாட்டைக் காக்காமல் கேளிக்கையில் கிடந்த லோதி ஆட்சியாளர்களுக்கும் இந்தப் பாடல்களில் சூடு உண்டு. சாந்தமாகக் கண்மூடி உட்கார்ந்திருக்கும் நாள்காட்டிப் படத்தை மட்டும் பார்த்தவர்கள் இந்த நாலையும் அவசியம் படிக்க வேண்டும்.

கர்த்தார்பூரில் என்ன செய்தார்?

1520-களில் ராவி ஆற்றங்கரையில் கர்த்தார்பூரை உண்டாக்கினார். 1539 செப்டம்பர் 22-இல் இறக்கும் வரை அங்கேதான். பயண உடையைக் கழற்றிவிட்டுச் சாதாரண உடை உடுத்திக்கொண்டார் என்று பாய் குருதாஸ் சொல்கிறார். அன்றாட ஒழுங்கும் அவர் பாட்டில் இருக்கிறது: விடியலில் ஜப் (ஜப்ஜி என்ற ஓதுபாடல்), சாயங்காலம் சோதர், ஆரத்தி என்ற பாடல்கள். இடையில் பேச்சும் பாட்டும். மரபுப்படி, பகலில் எல்லாருக்கும் வயல் வேலை. விளைந்ததில் பொதுச் சமையல்.

இன்று ஒரு குருத்வாராவில் பார்க்கும் எல்லாவற்றுக்கும் விதை இங்கேதான். கூடி உட்காரும் சங்கத், வரிசையாக உட்கார்ந்து உண்ணும் பங்கத், ராகத்தில் கீர்த்தன். லங்கர் என்ற இந்தப் பொதுச் சமையல் வெறும் அன்னதானமாக ஆரம்பிக்கவில்லை. வழிப்போக்கருக்குச் சோறு போடும் வழக்கம் சூஃபி கான்காக்களிலும் மடங்களிலும் முன்பே இருந்தது. இங்கே கூடுதலாக வந்தது இரண்டு: உழைத்தவர்களே சமைத்தார்கள், யாருக்குப் பக்கத்தில் யார் என்று பார்க்காமல் ஒரே தரையில் உட்கார்ந்தார்கள். சாதி பார்த்துப் பந்தி போட்ட காலத்தில் இது எவ்வளவு பெரிய காரியம் என்று நமக்குச் சொல்ல வேண்டியதில்லை. அடுத்த குரு அங்கதின் மனைவி மாதா கீவியின் லங்கரில் நெய் விட்ட பால்பாயசம் கொடுத்ததை சத்தா, பல்வண்ட் என்ற பாணர்கள் பாடியிருக்கிறார்கள். அது கிரந்தத்திலேயே 967-ஆம் பக்கத்தில் இருக்கிறது.

மகன்கள் இருக்கும்போது வெளியாளை ஏன் குருவாக்கினார்?

கடூரைச் சேர்ந்த லெஹ்ணா தேவி பக்தர். ஆண்டுதோறும் ஜ்வாலாமுகி கோயிலுக்குக் கூட்டம் சேர்த்துப் போகிறவர். நானக்கிடம் வந்தவர் அங்கேயே தங்கி, சேற்றில் இறங்கிப் புல்கட்டு சுமந்தார். அவருக்கு அங்கத் என்று பெயர் சூட்டி, தன் கையால் பொறுப்பைக் கொடுத்தார் நானக். மூத்த மகன் ஸ்ரீசந்த் துறவு வழியில் போனவர். உதாசி என்ற துறவியர் மரபு அவரைத் தன்னைத் தொடங்கியவராகச் சொல்கிறது. குடும்பஸ்தனாக உழைத்துக்கொண்டே கடவுளை நினை என்ற வழிக்குத் துறவி தலைமை தாங்குவது பொருந்தாது. மகன்கள் சொல் கேட்கவில்லை என்று மேலே சொன்ன பாணர்கள் வெளிப்படையாகவே பாடிவிட்டார்கள்.

மூன்று கட்டளைகள் என்கிறார்களே, அவை எவை?

நாமத்தை நினை, நேர்மையாக உழைத்துச் சாப்பிடு, பகிர்ந்து உண் (நாம் ஜபோ, கிரத் கரோ, வண்ட் சகோ). கருத்து அவருடையது. ஆனால் இந்த மூன்று சொற்றொடர் வடிவம் கிரந்தத்தில் ஒரே வரியாக இல்லை. பிற்காலத்தில் சுருக்கிச் சொன்னது. அவர் வாக்கு வேண்டுமென்றால் 1245-ஆம் பக்கம்: 'பாடுபட்டு உண்டு, கையிலிருந்து கொஞ்சம் கொடுப்பவனே வழி அறிந்தவன்.' அதற்கு முன்வரியில், பாட்டுப் பாடிப் பிச்சை எடுக்கும் போலிக் குருக்களின் காலில் விழாதே என்றும் சொல்லியிருக்கிறார்.

இன்னும் உள்ளே போக நாலு சொற்கள் தேவை. ஹுகம்: எல்லாவற்றையும் நடத்தும் ஆணை. ஹௌமை: 'நான்' என்ற முனைப்பு, ஆணையை மறைப்பது. நாம்: அந்த முனைப்பைக் கரைக்கும் இடையறாத நினைவு. நதர்: அருட்பார்வை, முயற்சி நின்ற இடத்தில் வருவது. ஜப்ஜியின் முதல் பத்தியே 'பொய்ச் சுவர் எப்படி இடியும்?' என்று கேட்டு, ஆணையின்படி நடப்பதால் என்று பதில் சொல்கிறது.

சாதி, தீட்டு, பெண்கள் பற்றி என்ன சொன்னார்?

சுற்றி வளைக்காமல் சொன்னார். தாழ்ந்த சாதியிலும் தாழ்ந்தவர்களோடுதான் நான், பெரியவர்களோடு எனக்கு என்ன வேலை என்பது 15-ஆம் பக்கம். பூணூலுக்கு: கருணை பருத்தி, நிறைவு நூல், அடக்கம் முடிச்சு, உண்மை முறுக்கு, அப்படி ஒன்று இருந்தால் போடு, அது அறாது, அழுக்காகாது, எரியாது (471).

தீட்டைப் பற்றிய பாடல் இன்னும் கூர்மை. தீட்டு என்று ஒன்றை ஒப்புக்கொண்டால் எல்லாமே தீட்டு. சாணியிலும் விறகிலும் புழு இருக்கிறது, தானியம் ஒவ்வொன்றிலும் உயிர் இருக்கிறது, தண்ணீரே முதல் உயிர், பிறகு சமையலறையில் எதைத்தான் வைத்துக்கொள்வாய் என்று கேட்கிறார் (472). அடுத்த பக்கத்தில், அரசர்களைப் பெறுபவளை எப்படித் தாழ்வாகச் சொல்வாய் என்ற புகழ்பெற்ற வரி. மூன்றுமே 'ஆசா தி வார்' என்ற ஒரே பாடலில் அடுத்தடுத்து வருகின்றன.

இந்துவையும் இஸ்லாமையும் கலந்தாரா?

இல்லை. இரண்டு பக்கத்துச் சொற்களையும் எடுத்துக்கொண்டார். ஹரியும் உண்டு, குதாவும் உண்டு. அவதாரம், விக்கிரகம், தீர்த்தம், சடங்கு எதையும் ஏற்கவில்லை. தொழுகையைப் பற்றிப் பேசினாலும் அதற்குள் உண்மையும் கருணையும் வேண்டும் என்றார். பள்ளிப் பாடநூல் பாணியில் 'இரண்டின் சாரம்' என்று எழுதுவது வசதி, அவ்வளவுதான்.

நானக் சொன்னதாக வரும் மேற்கோளை எப்படிச் சரிபார்ப்பது?

இங்கேதான் அதிகம் தவறு நடக்கிறது. கிரந்தத்தில் பாடிய பின்வந்த குருக்களும் பாட்டின் முடிவில் 'நானக்' என்றே முத்திரை வைத்தார்கள். ஆகவே வரியில் நானக் என்று இருந்தால் மட்டும் போதாது. முதலில் பக்க எண்ணைக் கேளுங்கள். மொத்தம் 1430 பக்கம், எந்த அச்சிலும் எண் ஒன்றேதான். 'அங்' என்பார்கள். எண் சொல்ல முடியாத மேற்கோளை அப்படியே தள்ளிவிடலாம். பிறகு பாட்டின் தலைப்பைப் பாருங்கள். மகலா 1 என்றால் குரு நானக், 2 அங்கத், 3 அமர்தாஸ், 4 ராம்தாஸ், 5 அர்ஜன், 9 தேக் பகதூர்.

'வார்' வகைப் பாடலில் கூடுதல் கவனம் வேண்டும். அதில் பவுரிகள் (பாடலின் பத்திகள்) ஒருவருடையதாகவும் இடையில் வரும் சலோகங்கள் (சிறு செய்யுள்கள்) வேறொருவருடையதாகவும் இருக்கலாம். 'அகந்தை நாள்பட்ட நோய், மருந்தும் அதற்குள்ளேயே' என்ற வரியை நானக் பெயரில் எங்கும் பார்க்கலாம். ஆசா தி வாரில் அது மகலா 2, அதாவது அங்கத் வாக்கு. சுக்மனி என்ற நெடும்பாடலும் இப்படித்தான், முழுக்க ஐந்தாம் குரு அர்ஜன் பாடியது.

ஜப்ஜி படிக்க எவ்வளவு நேரம்? தமிழ் எழுத்தில் வைத்துப் படிக்கலாமா?

மூல மந்திரம், ஒரு தொடக்கச் சலோகம், 38 பவுரி, ஒரு முடிவுச் சலோகம். கிரந்தத்தின் முதல் எட்டுப் பக்கம். நிதானமாகப் படித்தால் 20 முதல் 25 நிமிடம். விடியலில் படிப்பது வழக்கம். கிரந்தத்தின் பெரும்பகுதிக்கு ராகம் உண்டு. ஜப்ஜிக்குக் கிடையாது, ஓதுவதுதான்.

தமிழ் எழுத்தில் படிப்பவர்கள் சறுக்கும் இடம் சொல்லின் ஈறு. கிரந்தத்தின் எழுத்தான குர்முகியில் சொல்லின் கடைசியில் இருக்கும் குறில் இகர, உகரக் குறிகள் பெரும்பாலும் இலக்கணத்துக்காக நிற்பவை, ஒலிப்பதில்லை. எழுத்துக்கு எழுத்து மாற்றி 'ஸதி நாமு' என்று எழுதிய பிரதிகள் சுற்றுகின்றன. ஓதுவது இப்படி: இக் ஓஅங்கார், ஸத் நாம், கர்தா புரக், நிர்பௌ, நிர்வைர், அகால் மூரத், அஜூனீ, சைபங், குர்ப்ரஸாத். ஒருவனே, உண்மை என்னும் பெயரான், படைப்போன், அச்சமற்றவன், பகையற்றவன், காலம் தொடாத வடிவினன், பிறவாதவன், தானே ஆனவன், குருவருளால் கிட்டுபவன். க, ச, த, ப நான்குக்கும் ஒலி வேறுபாடு தமிழ் எழுத்தில் தெரியாது என்பதால், முதல் சில வாரம் ஒலிப்பதிவைக் கேட்டுக்கொண்டே படியுங்கள்.

தலைப்பாகை, கிர்பான் (குறுவாள்) எல்லாம் அவர் கொண்டுவந்ததா?

கிர்பான் உட்பட ஐந்து அடையாளங்களோடு கால்சா என்ற சீக்கிய அமைப்பை உண்டாக்கியவர் பத்தாம் குரு கோபிந்த் சிங், 1699-இல்.

வீடுகளில் இருக்கும் படம் அவருடைய உண்மை உருவமா?

அவர் காலத்து ஓவியம் எதுவும் இல்லை. வெண்தாடியோடு கை உயர்த்தி ஆசீர்வதிக்கும் அந்தப் படம் ஓவியர் சோபா சிங் 1969-இல், 500-ஆம் ஆண்டுக்காக வரைந்தது.

சீக்கியர் அல்லாதவர் லங்கரில் சாப்பிடலாமா? என்ன முறை?

தாராளமாக. பெயரோ மதமோ யாரும் கேட்க மாட்டார்கள். தலையை மூட ஒரு துணி எடுத்துப் போங்கள். பெரிய குருத்வாராக்களில் வாசலிலேயே கிடைக்கும். செருப்பைக் கழற்றி, கை கால் கழுவி உள்ளே போக வேண்டும். புகையிலை, மது உடம்பிலோ பையிலோ கூடாது. கிரந்தத்துக்கு முன் நெற்றி தரையில் பட வணங்குவார்கள். விருப்பமில்லாதவர்கள் அமைதியாக உட்கார்ந்தால் போதும். கிரந்தத்தை நோக்கிக் காலை நீட்டாதீர்கள்.

பந்தியில் ரொட்டியை இரண்டு கையையும் ஏந்தி வாங்க வேண்டும். தட்டில் போடச் சொல்லிக் காட்டுவது புதிதாக வருபவர் செய்யும் தவறு. வேண்டிய அளவு மட்டும் வாங்குங்கள், மறுபடி வருவார்கள். மிச்சம் வைப்பதுதான் முகம் சுளிக்க வைக்கும். உணவு சைவம், யாரும் ஒதுங்காமல் உட்கார வேண்டும் என்பதற்காக. நானக் அசைவத்தைத் தடுத்தார் என்று இதை எடுத்துக்கொள்ளாதீர்கள். 1289-ஆம் பக்கத்தில் மாமிசம் மாமிசம் என்று சண்டை போடுபவர்களை மூடர்கள் என்கிறார்.

சென்னையில் என்றால் தியாகராய நகர் ஜி.என். செட்டி சாலையில் குருத்வாரா இருக்கிறது. அந்த 'ஜி.என்.' குரு நானக் அல்ல, கோபதி நாராயணசாமி.

குருத்வாராவில் கொடுக்கும் கடா பிரசாத அல்வாவின் அளவு என்ன? வீட்டில் செய்தால் ஏன் மாவு வாடை அடிக்கிறது?

கொரகொரப்பான கோதுமை மாவு, நெய், சர்க்கரை மூன்றும் சம எடை. 250 கிராம் வீதம் எடுத்தால் தண்ணீர் முக்கால் லிட்டர். சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்து ஒரு அடுப்பில் கொதிக்க விடுங்கள். இன்னொன்றில் இரும்புக் கடாயில் நெய்யைக் காயவைத்து, மாவைக் கொட்டி, சிறு தீயில் கைவிடாமல் கிளறுங்கள். முதலில் கெட்டியாகப் பிடிக்கும், பிறகு இளகும். பொன்னிறத்தோடு நிறுத்துவதால்தான் வாடை. இளம் பழுப்பு வரவேண்டும், 12 முதல் 15 நிமிடம் ஆகும். அப்போது கொதிக்கும் சர்க்கரைத் தண்ணீரை ஊற்றுங்கள். பயங்கரமாகத் தெறிக்கும், நீளக் கரண்டி அவசியம். ஆறிய தண்ணீர் ஊற்றினால் கட்டி தட்டும். ஓரங்களில் நெய் பிரிந்து, கடாயில் ஒட்டாமல் சுருண்டு வந்தால் இறக்கலாம். ஏலக்காய், முந்திரி, கலர் எதுவும் வழக்கமில்லை. ஜபம் சொல்லிக்கொண்டே செய்வார்கள். அர்தாஸ் (பொது வேண்டுதல்) முடிந்து, கிர்பானால் தொட்ட பிறகுதான் பங்கீடு.

கர்த்தார்பூருக்கு இந்தியாவிலிருந்து போக முடியுமா?

2019 நவம்பர் 9-இல் வழித்தடம் திறந்தது. பஞ்சாபின் குர்தாஸ்பூர் மாவட்டத்தில் தேரா பாபா நானக் எல்லையிலிருந்து நாலரை கி.மீ. அளவுதான். விசா தேவையில்லை, ஆனால் பாஸ்போர்ட் வேண்டும், முன்கூட்டியே இணையத்தில் பதிய வேண்டும், பாகிஸ்தான் தரப்புக்கு 20 டாலர் கட்ட வேண்டும், அன்று சாயங்காலமே திரும்பிவிட வேண்டும். எந்த மதத்தவரும் போகலாம். ஒரு நாளுக்கு 5,000 பேர் வரை என்பது ஒப்பந்தம். கொரோனாவால் 2020 மார்ச்சில் மூடி 2021 நவம்பரில் திறந்தார்கள். 2025 மே மாதம் இரு நாட்டு மோதலின்போது இந்தியா மறுபடி நிறுத்தியது. ஆகவே ரயில் டிக்கெட் எடுக்கும் முன் உள்துறை அமைச்சகத்தின் பதிவுத் தளத்தில் நிலவரம் பாருங்கள். திறக்காத நாட்களில் தேரா பாபா நானக் எல்லையில் தொலைநோக்கி வைத்து வயல்களுக்கு அப்பால் தெரியும் வெள்ளைக் கட்டடத்தைப் பார்ப்பது, வழித்தடம் வருவதற்கு முன் பல ஆண்டுகளாக இருந்த வழக்கம். உள்ளே போனால் ஒரு சமாதியும் ஒரு கல்லறையும் இரண்டுமே இருக்கும். எரிப்பதா புதைப்பதா என்று இந்துக்களும் முஸ்லிம்களும் வாதிட்டு, துணியை விலக்கியபோது பூக்கள் மட்டுமே இருந்தன, ஆளுக்குப் பாதி எடுத்துக்கொண்டார்கள் என்பது அதற்குச் சொல்லும் கதை.